நான்சி ஃபிரேசர் அடையாள அரசியலைக் கைவிடச் சொன்னாரா?

கேள்வியின் சுருக்கம் இது: நான்சி ஃபிரேசர் அடையாள அரசியலை, அதாவது இனம், பாலினம் போன்ற அடையாளங்களை வைத்து நடக்கும் அரசியலை, விட்டுவிட்டு வர்க்கத்துக்குத் திரும்பச் சொன்னவர் என்று ஒரு கட்டுரையில் படித்தேன். வேறொருவர் அவரைப் பெண்ணியத் தத்துவவாதி என்கிறார், இன்னொருவர் ஃபிராங்க்ஃபர்ட் மரபைச் சேர்ந்தவர் என்கிறார். உண்மையில் அவர் என்னதான் செய்திருக்கிறார்? எதிலிருந்து படிக்க ஆரம்பிக்கலாம்?

முதல் கேள்விக்கு நேரடியாகவே பதில் சொல்லிவிடுகிறேன். அவர் அப்படித் திரும்பச் சொல்லவில்லை. கூலியா மரியாதையா, வர்க்கமா அடையாளமா என்று ஒன்றைத் தேர்ந்தெடுக்கச் சொல்வதே பொய்யான நிர்ப்பந்தம் என்றுதான் முப்பது வருடமாக வாதாடி வருகிறார். அப்படியிருந்தும் இந்தத் தவறான சித்திரம் பரவியிருப்பதற்குக் காரணம் இருக்கிறது. 1995இல் எழுதிய ஒரு கட்டுரையையும் 2017இல் எழுதிய ஒரு கட்டுரையையும் மட்டும் கையில் வைத்துக்கொண்டு அவரைப் பற்றிப் பேசுகிறவர்கள் அதிகம். அவற்றுக்கு முன்னும் பின்னும் எழுதியதைச் சேர்த்துப் படித்தால் வேறு ஒரு சிந்தனையாளர் தெரிவார்.

ஃபிரேசர் 1947இல் அமெரிக்காவின் பால்டிமோரில் பிறந்தார். கறுப்பினத்தவரையும் வெள்ளையரையும் பிரித்து வைத்திருந்த நகரம் அது. சிவில் உரிமை இயக்கம், வியட்நாம் போர் எதிர்ப்பு, புதிய இடதுசாரி இயக்கம் என்று தெருவிலிருந்து தத்துவத்துக்கு வந்தவர். 1980இல் நியூயார்க் நகரப் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் பெற்றார். நார்த்வெஸ்டர்ன் பல்கலைக்கழகத்தில் சில காலம் இருந்துவிட்டு 1995இல் நியூயார்க்கின் நியூ ஸ்கூலுக்கு வந்தார். 1933இல் ஹிட்லரிடமிருந்து தப்பி வந்த அறிஞர்களுக்கு இடம் கொடுத்த நிறுவனம் அது. அவருடைய வேலைக்குப் பொருத்தமான இடம்தான்.

ஃபிராங்க்ஃபர்ட் மரபின் சிந்தனையை விமர்சனக் கோட்பாடு என்பார்கள், அது என்ன என்பதை இங்கே சுருக்கமாகச் சொல்லிவிடலாம். 1923இல் ஃபிராங்க்ஃபர்ட்டில் தொடங்கிய சமூக ஆய்வு நிறுவனத்தைச் சுற்றி வளர்ந்த சிந்தனை மரபு அது. 1937இல் மாக்ஸ் ஹோர்க்ஹைமர் ஒரு கட்டுரையில் மரபான கோட்பாட்டையும் விமர்சனக் கோட்பாட்டையும் பிரித்துக் காட்டினார். முன்னது உலகத்தை வெளியிலிருந்து விவரிக்கிறது. பின்னது தானும் அந்தச் சமூகத்தின் ஒரு பகுதி என்பதை ஒப்புக்கொண்டு, மனிதர்களை அடக்குமுறையிலிருந்து விடுவிக்கும் நோக்கத்தோடு ஆராய்கிறது. ஃபிரேசர் இன்னும் பழைய ஒரு வரியைத் தனக்கு எடுத்துக்கொள்கிறார். 1843இல் இளம் மார்க்ஸ் ஒரு கடிதத்தில் எழுதியது. ஒரு காலம் தன் போராட்டங்களையும் விருப்பங்களையும் தானே தெளிவுபடுத்திக்கொள்வதுதான் விமர்சனத்தின் வேலை என்பது அதன் சாரம். இதைவிட நல்ல வரையறையை யாரும் கொடுக்கவில்லை என்று சொல்லித்தான் அவர் தன் 1985ஆம் ஆண்டுக் கட்டுரையைத் தொடங்குகிறார்.

அந்தக் கட்டுரையில் அவர் எடுத்துக்கொண்ட ஆள் லேசுப்பட்டவர் அல்ல, ஃபிராங்க்ஃபர்ட் மரபின் பெரிய ஜெர்மன் தத்துவவாதியான ஹாபர்மாஸ். 1981இல் வந்த இரண்டு பாகப் பெருநூலில் ஹாபர்மாஸ் நவீன சமூகத்தை இரண்டாகப் பிரித்திருந்தார். பணத்தாலும் அதிகாரத்தாலும் ஓடும் பொருளாதாரமும் அரசு நிர்வாகமும் ஒரு பக்கம். பேச்சாலும் புரிதலாலும் நடக்கும் குடும்பமும் பொதுவெளியும் மறு பக்கம். முதலாவது இரண்டாவதற்குள் புகுந்து ஆக்கிரமிப்பதுதான் நம் காலத்தின் நோய் என்பது அவருடைய கண்டறிதல். ஃபிரேசர் கேட்டது எளிமையான கேள்வி. பெண்களின் போராட்டம் இந்தக் காலத்தின் முக்கியமான போராட்டங்களில் ஒன்று என்றால், இந்தக் கோட்பாடு அதைப் பற்றி என்ன சொல்கிறது?

அவர் காட்டிய இடங்கள் மிகக் கூர்மையானவை. குடும்பத்தில் பணமும் அதிகாரமும் இல்லையா? வீட்டுச் செலவை யார் தீர்மானிக்கிறார், அடி வாங்குவது யார்? குழந்தை வளர்ப்பைப் பாருங்கள். ஹாபர்மாஸ் அதைப் பண்பாட்டைக் கடத்தும் காரியமாக ஒரு பெட்டியில் போட்டார், உணவும் பொருளும் உண்டாக்கும் உழைப்பை வேறொரு பெட்டியில் போட்டார். ஆனால் குழந்தைக்குச் சோறு ஊட்டும்போது மொழி, ஒழுக்கம், அன்பு எல்லாம் போகின்றன, அதே நேரத்தில் அந்த உடம்பு உயிரோடும் இருக்கிறது. ஒரே வேலைதான் இரண்டும். சம்பளம் இல்லாத அந்த வேலையைச் "சமூகமயமாக்கம்" என்று மட்டும் அழைத்தால் அது உழைப்பு என்பது பார்வையிலிருந்து மறைந்துவிடும். அடுத்து, தொழிலாளி, நுகர்வோர், நலத்திட்டப் பயனாளி, குடிமகன் என்று ஹாபர்மாஸ் பட்டியலிட்ட பாத்திரங்கள் எல்லாமே ஆண் பெண் சாயம் பூசியவை என்று காட்டுகிறார். தொழிலாளி என்றால் குடும்பத்துக்குச் சம்பாதித்துப் போடும் ஆண். கடைக்குப் போகும் நுகர்வோர் பெண். நாட்டைக் காக்கும் குடிமகன் மறுபடியும் ஆண். பிள்ளை வளர்ப்பவர் என்ற பாத்திரம் பட்டியலிலேயே இல்லை. ஹாபர்மாஸைத் தூக்கி எறிந்துவிட்டு எழுதிய கட்டுரை இல்லை இது. அவருடைய கருவிகளை எடுத்து அவருடைய கோட்பாட்டிலேயே பயன்படுத்திப் பார்த்தது. அதனால்தான் அவரை ஃபிராங்க்ஃபர்ட் மரபு என்பதும் சரி, பெண்ணியத் தத்துவவாதி என்பதும் சரி.

அப்புறம் 1990இல் வந்த பொதுவெளிக் கட்டுரை. என் கணிப்பில் அவர் எழுதியதிலேயே அதிகம் பயன்பட்ட எழுத்து அதுதான். ஹாபர்மாஸ் 1962இல் எழுதிய பொதுவெளி பற்றிய நூல் 1989இல்தான் ஆங்கிலத்தில் வந்தது. காபிக் கடைகளிலும் சங்கங்களிலும் தனிமனிதர்கள் கூடி, அந்தஸ்தைக் கழற்றி வைத்துவிட்டுப் பொது விஷயங்களை அறிவால் விவாதித்த 18ஆம் நூற்றாண்டு ஐரோப்பாவின் சித்திரம் அதில் இருக்கிறது. ஃபிரேசர் கேட்கிறார்: அந்தஸ்தைக் கழற்றி வைக்க முடியுமா? கூட்டத்தில் சமம் என்று அறிவித்துவிட்டாலும் யார் பேச்சு நடுவில் வெட்டப்படுகிறது, யாருடைய பேச்சுமுறை "உணர்ச்சிவசம்" என்று ஒதுக்கப்படுகிறது என்பதில் ஏற்றத்தாழ்வு தொடரத்தான் செய்யும். சமமாக இருப்பதாகப் பாவனை செய்துகொண்டு விவாதிப்பதால் மேலே இருப்பவர்களுக்குத்தான் லாபம்.

அதனால் ஒரே பொதுவெளி என்பது நல்ல லட்சியமும் இல்லை என்கிறார். ஒடுக்கப்பட்டவர்கள் தங்களுக்கென்று இணை அரங்குகளை உண்டாக்கிக்கொள்கிறார்கள். அவற்றுக்கு அவர் வைத்த பெயரை எதிர்ப் பொதுவெளிகள் என்று தமிழில் சொல்லலாம். அமெரிக்கப் பெண்ணிய இயக்கத்தை அவர் உதாரணமாக எடுக்கிறார். தனிப் பத்திரிகைகள், புத்தகக் கடைகள், பதிப்பகங்கள், திரைப்பட விழாக்கள், ஆய்வு மையங்கள், கூடிப் பேசும் இடங்கள் என்று அவர்கள் ஒரு உலகத்தையே கட்டினார்கள். பாலியல் தொந்தரவு, திருமணத்துக்குள் நடக்கும் வன்புணர்ச்சி, அலுவலகம் முடிந்து வீட்டில் தொடங்கும் இரண்டாவது வேலை நேரம் ஆகியவற்றுக்கெல்லாம் பெயர் கிடைத்தது அங்கேதான். மனைவியை அடிப்பது என்ற விஷயத்தை அவர் எப்படிக் கையாள்கிறார் என்று பாருங்கள். சில பத்தாண்டுகளுக்கு முன்புவரை பெரும்பாலானவர்கள் அதைச் சில தம்பதிகளுக்கு இடையிலான சொந்தப் பிரச்சினை என்றே நினைத்தார்கள். எது பொது விஷயம், எது சொந்த விஷயம் என்பதற்கு இயற்கையான எல்லை எதுவும் கிடையாது. பெண்கள் முதலில் தங்களுக்குள் பேசி, பிறகு வெளியே கொண்டுவந்து, நீண்ட சண்டைக்குப் பிறகு அதைப் பொது விஷயமாக்கினார்கள். எதிர்ப் பொதுவெளிகள் எல்லாம் நல்லவையாகத்தான் இருக்கும் என்று அவர் சொல்லவில்லை, ஜனநாயக விரோதமான குழுக்களும் அப்படி உருவாகலாம் என்பதைச் சேர்த்தே சொல்கிறார். அடையாளத்தின் பெயரால் கூடும் குழுக்களை வெறுக்கிற ஒருவர் எழுதக்கூடிய கட்டுரையா இது?

அதே காலத்தில் நலத்திட்டங்கள் பற்றியும் எழுதினார். அமெரிக்காவில் 1935ஆம் ஆண்டின் சமூகப் பாதுகாப்புச் சட்டத்திலிருந்தே இரண்டு தடங்கள் உண்டு. வேலையிழந்தோர் காப்பீடும் முதியோர் ஓய்வூதியமும் ஒன்று. வாங்குபவர் உரிமையோடு வாங்குகிறார், தான் கட்டியதைத்தான் திரும்பப் பெறுகிறார் என்று சமூகம் நினைக்கிறது. இன்னொன்று பிள்ளைகளோடு தனியாக வாழும் ஏழைத் தாய்க்கான உதவி. இதில் வாங்குபவர் மனுக் கொடுக்க வேண்டும், வருமானம் சோதிக்கப்படும், வாழ்க்கை கண்காணிக்கப்படும். முதல் தடம் ஆணுக்காகவும் இரண்டாவது பெண்ணுக்காகவும் வடிவமைக்கப்பட்டவை என்று ஃபிரேசர் காட்டினார். இங்கே பணம் ஒரு பிரச்சினை, அந்தப் பணத்தோடு சேர்த்துக் கொடுக்கப்படும் அவமானம் இன்னொரு பிரச்சினை. இரண்டையும் பிரிக்க முடியாது என்ற புரிதல் அவருக்கு இங்கேயே வந்துவிட்டது. அந்தத் தாய்மார்களுக்கான திட்டத்தை 1996இல் கிளின்டன் அரசு ஒழித்தது. இது பின்னால் மறுபடியும் வரும், நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

இப்போது 1995ஆம் ஆண்டுக் கட்டுரைக்கு வருவோம். சோவியத் யூனியன் சரிந்து சில ஆண்டுகளே ஆகியிருந்தன. சோஷலிசம் என்ற சொல்லையே கேட்க ஆளில்லை. இனம், பாலினம், பாலியல் விருப்பு, தேசியம் என்று அங்கீகாரத்துக்கான, அதாவது தங்கள் அடையாளத்துக்கு மதிப்புக் கேட்கும், போராட்டங்கள் முன்னுக்கு வந்தன. அதே சமயத்தில் உலகெங்கும் பொருளாதார ஏற்றத்தாழ்வு கூடிக்கொண்டிருந்தது. இந்த இரண்டும் ஒரே நேரத்தில் நடப்பதுதான் அவரை உறுத்தியது. அங்கீகாரக் கோரிக்கைகள் எழுந்தது தவறு என்று அவர் எழுதவில்லை. செல்வத்தை நியாயமாகப் பிரித்துக் கொடுக்கச் சொல்லும் மறுபங்கீட்டுக் கோரிக்கையின் இடத்தை அவை பிடித்துக்கொள்கின்றனவே, இரண்டும் ஒன்றுக்கொன்று துணையாக நிற்க வழி உண்டா என்றுதான் கேட்டார்.

சிக்கல் நிஜமானது. வர்க்கப் போராட்டத்தின் நோக்கம் பாட்டாளி என்ற வகையே இல்லாமல் போவது. அங்கீகாரப் போராட்டமோ ஒரு குழுவின் தனித்தன்மையை உறுதிப்படுத்தக் கேட்கிறது. பெண்ணுக்கும் கறுப்பினத்தவருக்கும் இரண்டு அநீதியும் சேர்ந்தே நடக்கிறது. அப்படியென்றால் வித்தியாசத்தை அழிக்கக் கேட்பதா, மதிக்கக் கேட்பதா? இதற்கு அவர் கொடுத்த பதில், தீர்வுகளில் இரண்டு வகை உண்டு என்பது. விளைவுகளை மட்டும் சரிசெய்து, அவற்றை உண்டாக்கும் கட்டமைப்பை அப்படியே விட்டுவைப்பவை ஒரு வகை. கட்டமைப்பையே மாற்றுபவை இன்னொரு வகை. இரண்டாவது வகைத் தீர்வுகளில் பொருளாதாரமும் பண்பாடும் ஒன்றோடொன்று மோதாது என்றார்.

இந்தக் கட்டுரையில் ஒரு பலவீனம் இருக்கிறது, அதை மறைக்க வேண்டியதில்லை. ஒரு முனையில் சுரண்டப்படும் வர்க்கம், மறுமுனையில் இழிவுபடுத்தப்படும் பாலியல் சிறுபான்மை, நடுவில் பெண்ணும் இனமும் என்று ஒரு கோடு போட்டுக் காட்டியிருந்தார். வகுப்பில் விளக்க வசதியான கோடுதான். ஆனால் பாலினம் பற்றி எழுதும் அமெரிக்கத் தத்துவவாதி ஜூடித் பட்லர் 1997இல் வலுவாக மறுத்தார். தன்பாலினத்தவரின் போராட்டம் வெறும் பண்பாட்டு விஷயமா, குடும்பம் என்ற அமைப்பை யார் வைத்துக்கொள்ளலாம் என்பது பொருளாதாரத்தின் அடித்தளத்தையே தொடுகிற கேள்வி அல்லவா என்றார். அரசியல் தத்துவவாதி ஐரிஸ் மேரியன் யங் வேறு கோணத்திலிருந்து, சேர்ந்தே இருப்பதைப் பிரித்துவிட்டுப் பிறகு மோதலைக் கண்டுபிடிக்கிறீர்கள் என்றார். பண்பாட்டு அநீதி பொருளாதார அநீதியைவிட இரண்டாம் தரமானது என்று நான் சொல்லவே இல்லை என்று ஃபிரேசர் பதில் எழுதினார். அது உண்மைதான், அவருடைய கட்டுரையில் அப்படி ஒரு வரியும் இல்லை. ஆனால் அந்தக் கோடு அப்படிப் படிக்க இடம் கொடுத்தது. நீங்கள் படித்த கட்டுரைக்கும் அந்தத் தவறான புரிதல் இங்கிருந்துதான் வந்திருக்க வேண்டும்.

அடுத்த சில ஆண்டுகளில் அவர் அந்த வாதத்தை மிக நன்றாகச் செதுக்கினார். 1996இல் ஸ்டான்ஃபோர்டில் டேனர் சொற்பொழிவுகள் நிகழ்த்தினார். அதிலிருந்து வளர்ந்த விவாதம் 2003இல் ஜெர்மன் தத்துவவாதி ஆக்செல் ஹோனத்துடன் சேர்ந்து ஒரு நூலாக வந்தது. அதன் மையம் ஒரே ஒரு அளவுகோல்: சமமாகப் பங்கேற்கும் நிலை. சமூக வாழ்க்கையில் எல்லாரும் ஒருவருக்கொருவர் சமமானவர்களாகக் கலந்து பழக முடிகிற ஏற்பாடே நீதி. அதற்கு இரண்டு நிபந்தனைகள் வேண்டும். ஒருவர் இன்னொருவரை அண்டிப் பிழைக்காத அளவுக்குப் பொருள்வளம் எல்லாருக்கும் வேண்டும். அதோடு, யாரையும் மட்டமாகப் பார்க்கும்படி நிறுவனங்களில் பதிந்துபோன மதிப்பீடுகள் இருக்கக் கூடாது. ஒன்று இருந்தால் இன்னொன்று தானாக வந்துவிடாது.

இதற்கு அவர் தரும் இரண்டு உதாரணங்கள் எனக்கு மிகவும் பிடித்தவை. வால் ஸ்ட்ரீட் வங்கி ஒன்றில் பெரிய வேலையில் இருக்கும் கறுப்பினத்தவர் தெருவில் நின்று கை காட்டினால் டாக்சி நிற்காமல் போகிறது. அவருடைய வங்கிக் கணக்கை வைத்து இந்த அநீதியை விளக்க முடியாது. இன்னொரு பக்கம், திறமையான வெள்ளை ஆண் தொழிலாளி ஒருவருக்கு வேலை போகிறது, ஏனென்றால் இரண்டு நிறுவனங்களை இணைத்து லாபம் பார்க்க நடந்த ஊக வணிகத்தில் அவருடைய ஆலை மூடப்பட்டது. அவரை யாரும் இழிவுபடுத்தவில்லை. சந்தை தன் கணக்கைப் போட்டது, அவ்வளவுதான். முதல் மனிதரை வர்க்க அரசியல் மட்டும் காப்பாற்றாது, இரண்டாமவரை அங்கீகார அரசியல் மட்டும் காப்பாற்றாது.

ஹோனத்துடன் அவருக்கு இருந்த கருத்து வேறுபாடும் இதுதான். ஹோனத்தைப் பொறுத்தவரை எல்லாச் சமூகப் போராட்டமும் அடிப்படையில் அங்கீகாரத்துக்கான போராட்டமே. கூலி உயர்வு கேட்பதும் தன் உழைப்பை மதிக்கச் சொல்வதுதான். அங்கீகாரம் கிடைக்காதபோது மனிதனின் சுயமரியாதை உள்ளுக்குள் காயப்படுகிறது. ஃபிரேசர் இந்த உளவியல் பாதையை எடுக்கவில்லை. அங்கீகாரமின்மை என்பது மனக்காயம் என்பதைவிட, ஒருவரைத் தாழ்ந்த நிலையில் வைத்திருக்கும் சமூக ஏற்பாடு என்றார்.

சிறிய மாற்றம் போலத் தெரியலாம், ஆனால் நடைமுறையில் இது நிறைய மாற்றுகிறது. பாதிக்கப்பட்டவர் தன் மனம் உடைந்திருப்பதை நிரூபிக்க வேண்டிய அவசியமில்லை. கொஞ்சமும் கலங்காமல் நிமிர்ந்து நிற்கிறவருக்கும் நடப்பது அநீதிதான். தவிர, எல்லா அங்கீகாரக் கோரிக்கையையும் ஏற்றுக்கொள்ள வேண்டிய நெருக்கடியும் இல்லை. நிறவெறியர்களும் தங்களுக்கு மரியாதை வேண்டும் என்று கேட்கலாம். அவர்கள் கேட்பது மற்றவர்களின் சமமான பங்கேற்பைக் கெடுக்கிறது என்று சொல்லி மறுத்துவிடலாம். பிரான்ஸில் பள்ளி மாணவிகள் தலைமறைப்பு அணிவது பற்றிய சர்ச்சையை அவர் இதே அளவுகோலை வைத்து இரண்டு தடவை அளந்து பார்க்கிறார். பெரும்பான்மைக்கும் சிறுபான்மைக்கும் இடையே சமநிலை இருக்கிறதா என்பது முதல் தடவை. அந்தச் சிறுபான்மைக்குள்ளேயே ஆணுக்கும் பெண்ணுக்கும் இடையே இருக்கிறதா என்பது இரண்டாவது தடவை. பதில் உடனே கிடைத்துவிடாது. சம்பந்தப்பட்டவர்களே விவாதித்துத்தான் முடிவுக்கு வர வேண்டும் என்கிறார். ஒரு குழுவின் அடையாளத்தை ஒற்றை வடிவத்தில் உறையவைத்து, உள்ளே இருக்கும் மாறுபட்ட குரல்களை அமுக்குவதைத்தான் அவர் எதிர்த்தார். அடையாளத்தின் பெயரால் நடக்கும் அநீதியை எதிர்ப்பதை அவர் எங்கேயும் எதிர்க்கவில்லை.

பின்னால் மூன்றாவதாகப் பிரதிநிதித்துவம் என்ற பரிமாணத்தையும் சேர்த்தார். நீதி கேட்கும் எல்லை எது என்பது அதன் கேள்வி. தேச எல்லைக்குள் மட்டும் நீதி பேசினால், எல்லை தாண்டிப் பாதிப்பு உண்டாக்குகிற நிறுவனங்களிடம் ஏழை நாட்டு மக்கள் நியாயம் கேட்கவே வழியில்லாமல் போகிறது. முக்கியமான சேர்க்கைதான். ஆனால் இதை விரித்துப் பேசும் புத்தகத்தின் நடை கொஞ்சம் வறண்டது, முதல் வாசிப்பில் தாண்டிப் போனாலும் நஷ்டமில்லை.

சர்ச்சை மறுபடியும் சூடுபிடித்தது 2009க்குப் பிறகு. இரண்டாம் அலைப் பெண்ணியம் முன்வைத்த விமர்சனங்களை, சந்தைக்கே முதலிடம் கொடுக்கும் நவதாராளவாதம் எடுத்துத் தன் வேலைக்குப் பயன்படுத்திக்கொண்டது என்று எழுதினார். ஆண் ஒருவர் சம்பாதித்துக் குடும்பம் நடத்தும் ஏற்பாட்டைப் பெண்ணியம் விமர்சித்தது. முதலாளித்துவம் அதைக் குறைந்த கூலிக்கு இரண்டு பேரும் வேலை பார்க்கும் ஏற்பாடாக மாற்றிக்கொண்டது. அரசு தந்தை மாதிரி நடந்துகொள்கிறது என்று பெண்ணியம் சொன்னது. அந்த விமர்சனம் அரசு தன் பொறுப்பிலிருந்து கழன்றுகொள்ளவும், ஏழைப் பெண்களுக்குச் சிறுகடன் கொடுத்தால் போதும் என்ற கொள்கைக்கும் சாக்கானது. 2017இல், டிரம்ப் வெற்றி பெற்ற சூட்டோடு, முற்போக்கு நவதாராளவாதம் என்று ஒரு கூட்டணியை விமர்சித்து எழுதினார். பெண்ணியம், இனவெறி எதிர்ப்பு, பன்மைப் பண்பாடு ஆகியவற்றின் ஒரு பகுதி வால் ஸ்ட்ரீட்டோடும் சிலிக்கான் வேலியோடும் ஹாலிவுட்டோடும் கைகோத்தது. கிளின்டன் அரசுதான் அதன் அடையாளம். ஒரு பக்கம் பன்மை பேசியது, மறுபக்கம் ஏழைத் தாய்களின் நிதியுதவியை ஒழித்தது, வங்கிகளைக் கட்டவிழ்த்துவிட்டது.

இதில் கோபப்பட்டவர்களின் தரப்பையும் நீங்கள் கேட்க வேண்டும். சோஷலிசப் பெண்ணியவாதி ஜோஹானா பிரென்னர் உடனே மறுத்து எழுதினார். இயக்கங்கள் போய்க் கைகோக்கவில்லை, தொழிற்சங்கங்கள் நொறுங்கிப்போன காலத்தில் தோற்றுப்போய் ஒதுக்கப்பட்டன என்பது அவர் வாதம். எந்தப் பெண்ணியத்தைப் பற்றிப் பேசுகிறீர்கள் என்று கறுப்பினப் பெண்ணிய மரபிலிருந்தும் கேள்வி வந்தது. வறுமையையும் இனவெறியையும் ஆணாதிக்கத்தையும் அவர்கள் எப்போதுமே ஒன்றாகத்தான் எதிர்த்து வந்தார்கள். இந்த விமர்சனங்கள் நியாயமானவை என்றே நினைக்கிறேன். நியூயார்க்கிலும் வாஷிங்டனிலும் கண்ணில் பட்ட பெண்ணியத்தை ஃபிரேசர் அந்தக் கட்டுரைகளில் மொத்தப் பெண்ணியமாக எடுத்துக்கொண்டார். ஆனால் முடிவு என்ன சொல்கிறது என்று பார்க்க வேண்டும். பெண்ணியத்தை விடச் சொல்லவில்லை. 2019இல் சின்சியா அருஸ்ஸாவோடும் தித்தி பட்டாச்சார்யாவோடும் சேர்ந்து 99 சதவீதத்தினருக்கான பெண்ணியம் வேண்டும் என்று ஒரு அறிக்கையையே எழுதினார்.

கடைசிப் பத்தாண்டின் வேலைதான் என்னை மிகவும் ஈர்க்கிறது. மார்க்ஸ் தன் மூலதனம் நூலில் வாசகரைச் சந்தையின் இரைச்சலிலிருந்து கூட்டிக்கொண்டு, உற்பத்தி நடக்கிற மறைவிடத்துக்குள் போகிறார். லாபம் எங்கிருந்து வருகிறது என்ற ரகசியம் அங்கே தெரிகிறது. 2014இல் எழுதிய கட்டுரையில் ஃபிரேசர், அந்த மறைவிடத்துக்கும் பின்னால் இன்னும் மறைவிடங்கள் உண்டு என்கிறார். காலையில் வேலைக்கு வரும் தொழிலாளியைப் பெற்று, வளர்த்து, நோயில் பார்த்து, சோறு போட்டு அனுப்புவது யார்? அடுத்து, முதலாளித்துவம் விலை கொடுக்காமல் எடுத்துக்கொண்டு கழிவையும் கொட்டுகிற இயற்கை. அடிமைகளிடமும் காலனி மக்களிடமும் கூலிகூடக் கொடுக்காமல் பறித்த செல்வம். சொத்துரிமையையும் ஒப்பந்தத்தையும் காவல் காக்கும் அரசு. இந்த நான்கும் இல்லாமல் ஒரு நாள்கூட முதலாளித்துவம் ஓடாது. ஆனால் இவற்றுக்கு அது உரிய விலை கொடுப்பதில்லை, இவை தேயும்போது புதுப்பிப்பதும் இல்லை. தன்னைத் தாங்குவதையே தின்றுகொண்டிருக்கிறது. 2018இல் தத்துவவாதி ராஹேல் யேகியுடன் உரையாடல் வடிவிலும், 2022இல் கேனிபல் கேபிடலிசம் என்ற நூலிலும் இதை விரித்தார்.

பராமரிப்பு பற்றி 2016இல் எழுதியது இந்த வரிசையில் ஆகச் சிறந்தது. அமெரிக்காவில் சம்பளத்தோடு கூடிய பேறுகால விடுப்புக்குத் தேசியச் சட்டம் கிடையாது. 1993ஆம் ஆண்டுச் சட்டம் தருவது 12 வாரம், அதுவும் சம்பளமில்லாமல். அந்த நாட்டில் ஆப்பிளும் ஃபேஸ்புக்கும் பெண் ஊழியர்கள் கருமுட்டையை உறையவைக்கப் பணம் தருகின்றன. வேலை பார்க்கும் வயதில் வேலையைப் பாருங்கள், பிள்ளை பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று அர்த்தம். தாய்ப்பாலைக் கறந்து வைக்கும் கருவி அங்கே அத்தனை பரவலாக இருப்பதையும் அவர் சுட்டுகிறார். காசுள்ள குடும்பம் ஏழை நாட்டுப் பெண்ணைப் பிள்ளை பார்க்க வைத்துக்கொள்கிறது. அந்தப் பெண் தன் பிள்ளையை ஊரில் தன்னைவிட ஏழையான வேறொருத்தியிடம் விட்டுவிட்டு வருகிறாள். பற்றாக்குறை தீரவில்லை, கீழே தள்ளப்படுகிறது. இதற்கு அவர் பதில் 1994லேயே இருக்கிறது. பெண்களை ஆண்களைப் போல வேலைக்கு அனுப்புவதோ, வீட்டில் பராமரிக்கிற பெண்களுக்கு உதவித்தொகை கொடுப்பதோ போதாது. சம்பாதிப்பதையும் பராமரிப்பதையும் இப்போது பெரும்பாலான பெண்கள் சேர்த்துச் செய்வது போல ஆண்களும் செய்ய வேண்டும், வேலை நேரமும் நிறுவனங்களும் அதற்கேற்ப மாற வேண்டும். வர்க்கத்தையும் பாலினத்தையும் இங்கே நீங்கள் எப்படிப் பிரித்தெடுப்பீர்கள்?

குறை ஒன்றைச் சொல்ல வேண்டும். இந்தப் பெரிய சித்திரம் வந்த பிறகு சமமாகப் பங்கேற்பது என்ற அளவுகோல் பின்னுக்குப் போய்விட்டது. முதலாளித்துவம் தன்னையே அழிக்கிறது என்று காட்டுவது ஒரு வாதம், அது அநியாயம் என்று காட்டுவது வேறு வாதம். முன்பு இரண்டாவதில் அவ்வளவு கவனமாக இருந்தவர் இப்போது முதலாவதையே அதிகம் நம்புகிறார். மாற்று பற்றியும் கோட்டுச் சித்திரம்தான் தருகிறார். அடிப்படைத் தேவைகளில் சந்தை வேண்டாம், சமூகத்தின் உபரியை என்ன செய்வது என்ற மேல்மட்ட முடிவிலும் சந்தை வேண்டாம், நடுவில் கொஞ்சம் இருக்கலாம் என்கிறார். யோசிக்க நல்ல தொடக்கம், அதைத் தாண்டி அவர் போகவில்லை.

இன்னொன்று. 2024 ஏப்ரலில் ஜெர்மனியின் கொலோன் பல்கலைக்கழகம் அவருக்கு அளித்திருந்த ஆல்பெர்ட்டஸ் மாக்னஸ் சிறப்புப் பேராசிரியர் அழைப்பைத் திரும்பப் பெற்றது. 2023 நவம்பரில் பாலஸ்தீனத்துக்கு ஆதரவாகத் தத்துவ அறிஞர்கள் வெளியிட்ட கடிதத்தில், இஸ்ரேலியக் கல்வி நிறுவனங்களைப் புறக்கணிக்கக் கோரிய கடிதம் அது, அவர் கையெழுத்திட்டிருந்ததே காரணம். அவர் பேச இருந்தது அந்தப் பொருளைப் பற்றியே அல்ல. விமர்சனக் கோட்பாடு பிறந்த நாட்டில் அதன் முக்கியமான குரல் ஒன்றுக்கு இது நடந்தது என்பது எனக்கு இன்னும் வருத்தம் தருகிறது.

படிக்கும் வரிசைக்கு வருகிறேன். கேனிபல் கேபிடலிசம் மெல்லிய நூல் என்பதால் பலரும் அதிலிருந்து தொடங்கச் சொல்வார்கள், நான் சொல்ல மாட்டேன். அதில் முடிவுகள் இருக்கின்றன, அந்த முடிவுகளுக்கு அவர் எப்படி வந்தார் என்பது இல்லை. 1990ஆம் ஆண்டின் பொதுவெளிக் கட்டுரையை முதலில் படியுங்கள், ஹாபர்மாஸைப் படித்திருக்க வேண்டிய தேவையே இல்லை. அடுத்து 1995ஆம் ஆண்டுக் கட்டுரை, அதைப் படித்த கையோடு பட்லரின் மறுப்பு. பிறகு 2000ஆம் ஆண்டில் அங்கீகாரத்தை மறுபடி யோசித்து அவர் எழுதியது. அப்புறம் பராமரிப்புக் கட்டுரை. இவை எல்லாம் தனித்தனிக் கட்டுரைகள், ஒவ்வொன்றையும் ஒரு மாலையில் முடிக்கலாம். ஹோனத்துடனான நூலைக் கடைசியாக எடுங்கள். ஃபிரேசர், ஹோனத், மறுபடி ஃபிரேசர், மறுபடி ஹோனத் என்று நான்கு பகுதிகளாக மாறி மாறிப் போகும். நேரம் குறைவாக இருந்தால் முதல் இரண்டு பகுதிகள் போதும்.